கமெராவுக்கு ஒரு கதிரை

கிளாலிக் கடலில் வள்ளம் பாதித் தூரம் வந்திருந்தபோது நயீமா கேட்டாள்: “இது உனக்கு வருவதா, போவதா?”

பாரிஸில் புறப்படும்போது எல்லோருக்கும் ‘ஊருக்குப் போறன்’ என்றுதான் சொன்னேன். வள்ளத்தில் முழங்கால்களைக் கட்டிக்கொண்டு இருந்தபோது பக்கத்தில் இருந்த ஐயா, “எங்கையிருந்து வாறியள் பிள்ளை?” என்று கேட்டார். “பிரான்சிலையிருந்து” என்றேன். அது வேறு யாரோ சொன்னதுபோல என் காதில் விழுந்தது.

மகன் யூட்டை விட்டுவிட்டு வந்திருந்தேன். அவனுக்கு நாலு வயது நடக்கிறது. குளிர்காலத்தில் மூச்சிழுப்பு வரும். மருந்து அடிக்கும் குழாயைக் குளியலறைத் தட்டில் வைத்தேனா, கட்டிலுக்குப் பக்கத்தில் வைத்தேனா? கணவருக்குச் சொன்னேனா, சொல்ல நினைத்தேனா? யாழ்ப்பாணத்தில் அப்போது தொலைபேசி இல்லை. மின்சாரமும் நின்று சில வருடங்கள் ஆகியிருந்தன. கேட்டுத் தெளிய வழியில்லாத அந்தக் கேள்வியையும் பயணப் பைகளோடு தூக்கிக்கொண்டு கடல் கடந்தேன்.

“இரண்டும்,” என்றேன் கடைசியில்.

“எனக்கும் அப்படித்தான்,” என்றாள் நயீமா. “கசபிளாங்காவுக்குப் போகும் ஒவ்வொரு முறையும்.”

நயீமா மொறோக்கோ நாட்டுக்காரி. பாரிஸில் எங்களுக்கு மேல்மாடியில் இருக்கிறாள். என்னைவிட இருபது வயது மூத்தவள். ‘அவள்’ என்று எழுதக் கை கூசுகிறது. ஆனால் பிரெஞ்சில் நாங்கள் ‘நீ, நான்’ என்றுதான் பேசிக்கொள்வோம். ‘அவர்’ என்று எழுதினால் அது வேறு ஒரு நயீமாவாகிவிடும். நான் வேலைக்குப் போகும் சனிக்கிழமைகளில் யூட்டை அவள்தான் பார்த்துக்கொள்வாள். அவள் திரைப்படம் எடுப்பவள் என்பது எனக்குத் தெரியவர ஒரு வருடம் சென்றது. அதுவரை ஓய்வுபெற்ற ஆசிரியை என்றே நினைத்திருந்தேன்.

அவளுடைய முதல் படம் அவளது சித்தியைப் பற்றியது. கணவன் ‘போ’ என்றதும் ஒரு மெத்தையைத் தலையில் வைத்துக்கொண்டு தாய்வீட்டுக்கு நடந்து வந்தவள் அவள். தொலைக்காட்சிக்காரர்கள் பார்த்துவிட்டு, ‘இதில் ஒன்றுமே நடக்கவில்லையே’ என்று திருப்பிக் கொடுத்தார்களாம். இரண்டாவது படம், மீனை ரின்னில் அடைக்கும் தொழிற்சாலைப் பெண்களைப் பற்றியது. வள்ளங்கள் கரைக்கு வந்ததும் தொழிற்சாலை சங்கு ஊதும். ஊதியதும் பெண்கள் அடுப்பில் இருப்பதை இறக்கிவிட்டு, பிள்ளையைப் பக்கத்து வீட்டில் போட்டுவிட்டு ஓட வேண்டும். அந்தப் படத்தை அதிகாரிகள் ஓர் அலுமாரியில் பூட்டிவிட்டுத் திறப்பு தொலைந்துவிட்டது என்றார்கள். மூன்றாவது, பிரான்சுக்கு உழைக்கப் போன ஆண்களின் மனைவிமார். எழுதத் தெரியாததால் கசற்றில் பேசி அனுப்பும் மலைக்கிராமத்துப் பெண்கள். அதற்குப் பரிசு கிடைத்தது. பரிசைப் பற்றி விசாரித்தால் பேச்சை மாற்றிவிடுவாள்.

இப்போது கடலோரப் பெண்களைப் பற்றி ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தாள். ஒரு சனிக்கிழமை நான் மீன் துப்புரவாக்குவதைக் கதவு நிலையில் சாய்ந்து நின்று பார்த்தாள். “இந்தக் கையை உனக்கு யார் கற்றுத் தந்தார்களோ அந்தப் பெண்களை எனக்குக் காட்டு,” என்றாள். நான் குருநகரில் பிறந்தவள். 1995ஆம் ஆண்டு, போர் நின்று சமாதானப் பேச்சு நடந்துகொண்டிருந்த மாதம் அது. கணவர் “போட்டு வாருமன்” என்றார். அவர் மறுத்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும் என்று விமானத்தில் நினைத்தேன்.

வவுனியா இராணுவச் சோதனையில் ஒலிப்பதிவுக் கருவியின் பற்றரிகளை எடுத்துவிட்டார்கள். வடக்கே போகக்கூடாத பொருட்களில் பற்றரியும் ஒன்று. கமெராவுக்கு ஆபத்தில்லை. அது மணிக்கூட்டுக்குச் சாவி கொடுப்பதுபோல முறுக்கி ஓடவிடும் பழைய சாமான். ஒரு முறுக்குக்கு அரை நிமிடம்கூட ஓடாது.

“இனி நீதான் என் ஒலிப்பதிவு,” என்றாள் நயீமா. “பெண்கள் சொல்வதை மறக்காதே. பாரிஸில் வந்து எனக்குச் சொல்.”

மருந்து வைத்த இடத்தையே மறந்த என்னிடம் இப்படி ஒரு பொறுப்பு.

கிளாலியிலிருந்து எங்களை ஏற்றிய கார் என்னைவிட வயது கூடியது. மண்ணெண்ணெயில் ஓடியது. முன்கண்ணாடிக்குப் பக்கத்தில் ஆஸ்பத்திரிச் சேலைன் போத்தல் ஒன்று தொங்கியது. அதற்குள் கொஞ்சம் பெற்றோல்.

“எழும்பேக்கை மட்டும் ஒரு சொட்டுக் காட்டவேணும் தங்கச்சி,” என்றார் சாரதி. “பிறந்த பிள்ளைக்குத் தேன் காட்டுற மாதிரி. பிறகு தன்ரை பாட்டிலை ஓடும்.”

சாவகச்சேரி தாண்டியதும் தன்ரை பாட்டிலே நின்றது. கறுத்தப் புகை. சாரதி குழாயை வாயில் வைத்து ஊதினார். நானும் நயீமாவும் தள்ளினோம். அவர் கழுத்தை வெளியே நீட்டி நயீமாவைப் பார்த்தார். “வெள்ளைக்காரி வாறா எண்டு சொன்னாங்கள். உவ எங்கடை பெரியம்மான்ரை சாயலிலையெல்லோ இருக்கிறா! எந்த ஊர்?”

“மொறோக்கோ.”

“அது எந்தப் பக்கம்?” என்றவர், பதிலை எதிர்பாராமல், “அவவை நல்லாத் தள்ளச் சொல்லுங்கோ, கை பலமாக் கிடக்கு,” என்றார்.

குருநகரில் அண்ணை வீட்டில் தங்கினோம். அண்ணையின் மனைவி றீற்றா மச்சாள் வாசலிலேயே என் கன்னத்தைப் பிடித்து, “பிள்ளையை விட்டிட்டு எப்பிடியடி வந்தனி?” என்றாள். அன்பாகத்தான் கேட்டாள். எனக்கு அது இறங்க இரண்டு நாள் எடுத்தது.

அடுத்த நாளே ஒரு குழப்பம். நயீமா காலையிலும் சாப்பிடவில்லை, மத்தியானமும் சாப்பிடவில்லை. மச்சாள் என்னைக் குசினிக்குள் இழுத்தாள்.

“விளமீன் குழம்பு வைச்சனான். தொட்டும் பாக்கேல்லை. என்ரை சமையல் பிடிக்கேல்லையோ எண்டு கேள்.”

“நோன்பு, மச்சாள்.”

“தண்ணியுமோ?”

“தண்ணியும்தான்.”

“மாதாவே! இந்த வெய்யிலுக்கையோ?” என்றவள் ஏதோ நினைத்து முகம் மலர்ந்தாள். “நோன்பெண்டால் பின்னேரம் கஞ்சி வேணுமே. ஹமீதா அக்கா வீட்டையிருந்து வாளியிலை வரும், தேங்காய்ப்பால் விட்டு…” அந்த இடத்தில் நிறுத்திவிட்டு அடுப்பை ஊதப் போனாள்.

“என்ன சொன்னாள்?” என்று கேட்டாள் நயீமா.

“கஞ்சி என்றாள்,” என்றேன்.

பாரிஸில் நயீமா நோன்பு பிடித்து நான் கண்டதில்லை. கேட்டபோது, “இங்கே எல்லோரும் ஏதோ ஒன்று இல்லாமல் இருக்கிறார்கள். நான் மட்டும் சாப்பிட்டுக்கொண்டு திரிவதா?” என்றாள். அது உண்மைதான். சவர்க்காரம் இல்லாமல் பனங்காய்க் களியில் உடுப்புத் தோய்த்தார்கள். சீனி இல்லாமல் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு தேத்தண்ணி குடித்தார்கள். சூரியன் விழுந்ததும் மச்சாள் பனங்கிழங்கு மாவில் ஒடியற் கூழ் காய்ச்சி வைத்தாள். நண்டு, இறால், பயிற்றங்காய், செத்தல் மிளகாய் எல்லாம் போட்டது. நயீமா ஒரு வாய் குடித்துவிட்டுக் கண்ணை மூடினாள். அவர்கள் ஊரிலும் நோன்பு திறக்கும்போது இப்படித்தான் தடிப்பாக ஒரு சூப்பாம். “என் அம்மா இதில் நண்டு போட மறந்துவிட்டாள்,” என்றாள். அதை மொழிபெயர்த்ததும் மச்சாள் இன்னொரு அகப்பை ஊற்றினாள்.

நயீமா வேலை செய்யும் முறை விசித்திரமானது. கமெராவை எங்கே வைப்பது என்று அவள் தீர்மானிப்பதில்லை. வீட்டுக்காரியிடம், ‘உங்கள் வீட்டுக்கு ஒருவர் வந்தால் எங்கே இருத்துவீர்கள்?’ என்று கேட்பாள். சொன்ன இடத்தில் கமெராவை வைப்பாள். பிறகு நெடுநேரம் ஒன்றும் செய்யாமல் இருப்பாள்.

முதல் வீடு, கிழிந்த வலை பொத்தும் பேணடேற் அக்காவுடையது. அக்கா நல்ல கதிரையைத் தட்டித் துடைத்து, மேலே பின்னல் விரிப்புப் போட்டு, கமெராவை அதில் இருத்தினாள். முன்னால் முக்காலி வைத்துத் தேத்தண்ணியும் வைத்தாள். “உது குடிக்குமோ?” என்று என்னைப் பார்த்துக் கண்ணடித்தாள். பிறகு எதிரே இருந்து, கைகளை மடியில் வைத்து, மூச்சை அடக்கிக்கொண்டாள்.

“அசையலாம் அக்கா. இது ஓடுற படம்.”

“அசைஞ்சால் கலங்கிப்போமெல்லோ? என்ரை கலியாணப் படம் அப்பிடித்தான் பாழாப்போச்சு. இந்த மனிசன் தும்மினது.”

“இருபது வருசமா உந்தக் கதைதான்!” என்று முற்றத்திலிருந்து அவளுடைய கணவரின் குரல் வந்தது.

“பின்னை? படத்திலை எனக்குப் பக்கத்திலை ஆர் நிக்கிறதெண்டு என்ரை பிள்ளையளே கேக்குதுகள்!”

நயீமாவுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனால் அந்தச் சண்டையில்தான் கமெராவை முறுக்கினாள்.

இரண்டாவது வீடு எங்களுடையது. மச்சாள் கதிரையைத் தூக்கி வந்து நடுவில் நின்றுவிட்டாள்.

“ஜெசி, ஆம்பிளையளெண்டால் விறாந்தையிலை இருத்துவம். பொம்பிளையளெண்டால் குசினிக்கை வரச்சொல்லுவம். உந்தக் கமெரா ஆணோ, பெண்ணோ?”

நான் சிரித்துக்கொண்டே மொழிபெயர்த்தேன். நயீமா சிரிக்கவில்லை. “இத்தனை வருடத்தில் யாரும் என்னிடம் இதைக் கேட்கவில்லை,” என்றாள். பிறகு, “பெண்தான் என்று சொல்,” என்றாள்.

அந்தச் செய்தி ஒழுங்கை முழுவதும் பரவியது. அதற்குப் பிறகு எந்த வீட்டுக்குப் போனாலும் கமெரா நேரே குசினிக்குள் போனது. ஒருத்தி தேங்காய் துருவும் பலகையை அதற்கு ஆசனமாகக் கொடுத்தாள். இன்னொருத்தி, ஆண்கள் இல்லாத தைரியத்தில், தன் மாமியார் நடக்கும் நடையை அதற்கு நடித்துக் காட்டினாள். கடற்படை சுட்டதில் மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் கமெராவுக்கு முதுகைக் காட்டியபடி மீன் வெட்டிக்கொண்டே முழுவதையும் சொன்னாள். நான் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டேன். இரவில் பாயில் கிடந்து சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். எது யார் சொன்னது என்று குழம்பியது. நடுவில் யூட்டின் இழுப்புச் சத்தமும் வந்து கலந்துகொண்டது.

ஒருநாள் நீர்வேலி வாழைத்தோட்டத்துப் பெண்களைப் பார்க்கலாம் என்று ஒரே சைக்கிளில் வெளிக்கிட்டோம். கோப்பாயில் நயீமாவின் நீண்ட அங்கி சங்கிலிக்குள் மாட்டி இரண்டு பேரும் றோட்டில் விழுந்தோம். குலை ஏற்றிக்கொண்டு வந்த ஒரு பெண் இறங்கி, தன் வாழைவெட்டுக் கத்தியால் அங்கியின் ஓரத்தை அறுத்து விடுவித்தாள். “சைக்கிள் ஓடுற ஆக்கள் பாவாடையைச் செருகிறேல்லையோ? ஊரிலை உங்களுக்கு ஒருத்தரும் சொல்லித் தரேல்லையோ?” என்று என்னைத்தான் ஏசினாள். நயீமாவை ஏசவில்லை. நான் சொல்ல வாயெடுத்தேன், எந்த ஊரில் என்று தெரியாமல் மூடிக்கொண்டேன்.

நோன்பின் கடைசி நாள் என்று நயீமா கணக்குப் பார்த்து வைத்திருந்த அந்தியில் எல்லோரும் கடற்கரைக்குப் போனோம். பிறையை முதலில் கண்டவள் பேணடேற் அக்கா. “அங்கை! மண்டைதீவுக்கு மேலாலை!” என்று கத்தினாள். நயீமா அவளைக் கட்டிப்பிடித்தாள்.

“எங்களுக்கு இந்தக் கிழமைதான் தபசுகாலம் தொடங்கினது,” என்றாள் மச்சாள். “நீங்கள் முடிக்க நாங்கள் தொடங்குறம். உலகத்திலை ஆராவது ஒராள் பட்டினி கிடக்கத்தான் வேணுமாக்கும்.”

நயீமா என்னிடம் திரும்பினாள். “நாளைக்குப் பெருநாள். இங்கே பள்ளிவாசல் எங்கே இருக்கிறது? தொழுவதற்காகக்கூட அல்ல. பெண்கள் புது உடுப்போடு நிற்பார்கள். ஒருமுறை கட்டிப்பிடித்து வாழ்த்திவிட்டு வருகிறேன்.”

அவள் சொன்ன மொழி அங்கே யாருக்கும் தெரியாது. ஆனாலும் என் முகத்தைப் பார்த்ததும் மச்சாளுக்கு விளங்கிவிட்டது.

இதை முன்பே சொல்லியிருக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். எப்போது சொல்வது, எப்படிச் சொல்வது என்று ஒவ்வொரு நாளும் யோசித்து ஒவ்வொரு நாளும் தள்ளிப் போட்டிருந்தேன். மணலில் இருத்தி அவளுக்குச் சொன்னேன். யாழ்ப்பாண நகரத்தில் சோனக தெருவிலும் சுற்றுவட்டத்திலும் முஸ்லிம்கள் தலைமுறை தலைமுறையாக இருந்தார்கள். நான் பாரிஸுக்குப் போன அடுத்த வருடம், ஐப்பசி மாதத்தில் ஒருநாள், யாழ்ப்பாணத்தைத் தன் கட்டுப்பாட்டில் வைத்திருந்த இயக்கம் அவர்கள் எல்லோரையும் இரண்டு மணித்தியாலத்தில் வெளியேறச் சொன்னது. காசு, நகை, சாமான் ஒன்றும் கொண்டுபோக விடவில்லை. புத்தளம் பக்கத்தில் அகதி முகாம்களில் இருக்கிறார்கள். ஒருவரும் திரும்பவில்லை. கொழும்பிலிருந்து ஓர் உறவினர் இதைத் தொலைபேசியில் சொன்னபோது யூட் என் வயிற்றில் இருந்தான். அன்று முழுவதும் வாந்தி எடுத்தேன். எது எதனால் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

“பிள்ளைகளுமா?” என்று கேட்டாள் நயீமா.

“பிள்ளைகளும்தான்.”

“நீ யாரையாவது அறிவாயா?”

“ஹமீதா அக்கா. தையல்காரி. என் பள்ளிக்கூடச் சட்டை, தேவாலயத்து முதல்நன்மைச் சட்டை, கலியாணச் சட்டை எல்லாம் அவர் தைத்ததுதான்.”

நயீமா நிலாவைப் பார்க்கவில்லை, என்னையும் பார்க்கவில்லை. “நாளைக் காலை என்னை அவளுடைய வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போ,” என்றாள். “கமெராவோடு.”

வீட்டில் அண்ணை குரலை உயர்த்தாமல் பேசினார். அதுதான் பயமாக இருந்தது. “ஜெசி, நீ வெளியாலை போறதெண்டால் இயக்கத்திட்டைப் பாஸ் எடுக்கவேணும். உனக்குப் பிணை நிக்கிறது நான். அந்தத் தெருவிலை போய்ப் படம் எடுத்தால் பாஸ் தருவங்களோ? தராட்டி உன்ரை பிள்ளையை ஆர் பாக்கிறது?”

“அண்ணை, நான் என்ன செய்ய? கேட்டிட்டா.”

“ஏலாது எண்டு சொல்லு.”

மச்சாள் அடுப்படியிலிருந்து வந்தாள். கையெல்லாம் பயத்தம் மா. “போட்டு வரட்டும். எத்தினை பெருநாள் போச்சு? ஒருத்தர் எண்டாலும் அந்தத் தெருவிலை நடந்திட்டு வரட்டும்.”

“உனக்கென்ன, நீ சொல்லுவாய்.”

“ஓம், சொல்லுவன். அண்டைக்கு வாயைப் பொத்திக்கொண்டு வேலிக்குள்ளை நிண்டு பாத்தனாங்கள்தானே. நீங்களும்தான், நானும்தான்.”

அண்ணை எழுந்து வெளியே போய்விட்டார். நான் யார் பக்கம் என்று தெரியாமல் நடுவில் நின்றேன். அவர் சொன்னது சரி. அவள் சொன்னதும் சரி. பாரிஸில் அந்நேரம் யூட்டைப் பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டி வரும் நேரம்.

காலையில் மச்சாள் ஒரு தட்டு நிறையப் பயத்தம் பணியாரத்தை நயீமாவின் முன்னால் வைத்தாள். “தபசுகாலத்திலை நாங்கள் தொடேலாது. நீ சாப்பிடு, பெருநாள்காரி,” என்றாள். நயீமா நீலப் பட்டு அங்கி உடுத்தியிருந்தாள். நாங்கள் நடந்தே போனோம்.

தெருவில் ஆளில்லை. ஹமீதா அக்காவின் வீட்டை நான் இரண்டு முறை தாண்டிப் போனேன். கதவு இல்லாததால் அடையாளம் பிடிபடவில்லை. நிலைகளையும் யாரோ கழற்றிக்கொண்டு போயிருந்தார்கள். ஓடுகள் இல்லை. வீட்டுக்குள் வெய்யில் விழுந்து கிடந்தது. விறாந்தையில் ஒரு பப்பாசி மரம் வளர்ந்து காயோடு நின்றது.

“உன்னை எங்கே இருத்துவாள்?” என்று கேட்டாள் நயீமா.

“யன்னலுக்குக் கீழே. பாயில். நான் வெட்டுத் துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டு இருப்பேன்.”

நயீமா அந்த இடத்தில் இரண்டு செங்கற்களை அடுக்கிக் கமெராவை வைத்தாள். முறுக்கினாள். ஓடி நின்றது. மறுபடி முறுக்கினாள். வெறும் சுவர், வெறும் நிலம், யன்னல் இருந்த ஓட்டை. “அவள் எங்கே இருப்பாள்? இயந்திரம் எங்கே? பேசு,” என்றாள். நான் பேசினேன். சுருள் முழுவதும் முடியும்வரை அந்த ஓர் அறையையே எடுத்தாள். வெளியே சைக்கிளில் போன ஒருவர் வேகத்தைக் குறைத்து, பார்த்து, பிறகு கூட்டி மிதித்துக்கொண்டு போனார்.

புறப்படும் நாள் நெருங்கியதும் பாஸ் எடுக்கப் போனோம்.

பாஸ் அலுவலகத்தில் மேசைக்குப் பின்னால் இருந்தவள் ஓர் இளம்பெண். இரட்டைப் பின்னலை மடித்துக் கட்டியிருந்தாள். இருபது வயது வராது. மரியாதையாகத்தான் பேசினாள். அண்ணை எனக்குப் பின்னால் நின்றார்.

“அக்கா, நீங்கள் சோனக தெருவுக்குப் போனதாம். எதுக்கு?”

“எனக்குச் சட்டை தைக்கிற ஒராள் அங்கை இருந்தவ.”

“இப்ப இல்லைத்தானே?”

“ஓம். இல்லை.”

“இல்லாத ஆளை என்னண்டு படம் எடுக்கிறது?”

அவள் மேசையில் தட்டினாள். “அந்தச் சுருளை நான் பாக்கவேணும். பாத்திட்டுத்தான் பாஸ். மற்றதுகள் குசினியும் மீனும் எண்டு எல்லாரும் சொல்லுகினம், அதைக் கொண்டுபோங்கோ.”

நயீமா, என்ன சொன்னாள் என்று கேட்டாள். ஒரு சொல்லையும் விடாமல் மொழிபெயர்த்தேன், ‘இல்லாத ஆளை’ என்பதையும். கழுவாத படச் சுருளில் வெளிச்சம் பட்டால் எல்லாம் அழிந்துவிடும் என்பது எங்கள் இரண்டு பேருக்கும் தெரியும். அதை அந்தப் பெண்ணுக்குச் சொன்னால், அப்படியானால் இங்கேயே விட்டுவிட்டுப் போங்கள் என்பாள். விடமாட்டோம் என்றால் பாஸ் இல்லை, பிணை நிற்கும் அண்ணைக்கு என்ன நடக்குமோ தெரியாது. நயீமா என் முகத்தைப் பார்த்தாள். நான் தலையாட்டினேனா? ஆட்டவில்லை என்று நினைக்கிறேன்.

நயீமா பையிலிருந்து தகரப் பேணியை எடுத்தாள். மூடியைத் திறந்தாள். சுருளின் நுனியைப் பிடித்து அந்தப் பெண்ணிடம் தானே நீட்டினாள்.

அந்தப் பெண் யன்னலோரம் போய், கை கையாக இழுத்து, வெய்யிலுக்கு நேரே பிடித்துப் பார்த்தாள். முழுவதையும் பொறுமையாகப் பார்த்தாள். காலடியில் சுருள் சுருளாகக் குவிந்தது.

“ஒண்டும் இல்லையே,” என்றாள். “வெறும் றோல். இதுக்கே அக்கா இவ்வளவு பயந்தனீங்கள்?”

கழுவாத சுருளில் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது என்பது அவளுக்குத் தெரியாது. குனிந்து தானே அதைப் பொறுக்கிச் சுற்றி, பேணியில் அடைத்து, நயீமாவின் கையில் கொடுத்தாள். பாஸில் கையெழுத்து வைத்தாள்.

வெளியே வந்ததும் அண்ணை என் தலையைத் தடவினார். எனக்கு ஒரே நேரத்தில் காற்றில் பறப்பதுபோலவும் யாரோ அடித்ததுபோலவும் இருந்தது. மகனிடம் போகிறேன். அது மட்டும் நிச்சயம்.

வள்ளத்தில் திரும்பும்போது நயீமாவிடம் கேட்டேன். “எனக்காகத் திறந்தாயா?”

“கசற்றில் பேசும் பெண்களைப் பற்றி ஒரு படம் எடுத்தேனே, அதில் ஒருத்தி சிரிப்பாள். வாயைப் பொத்தாமல். லியோனில் இருந்த அவள் கணவன் அந்தப் படத்தைப் பார்த்தான். பார்த்துவிட்டு அடுத்த கசற்றில் ஒரே ஒரு சொல் அனுப்பினான்: ‘போ.’ அவள் வீட்டை விட்டு வெளியேறினாள். எனக்குப் பரிசு கிடைத்தது.”

“அதனால்தான் திறந்தாயா?”

“தெரியாது,” என்றாள். “யோசித்திருந்தால் திறந்திருக்க மாட்டேன்.”

என் மேல் அவளுக்குக் கோபமா என்று கேட்க நினைத்தேன். அவள் மேல் எனக்குக் கோபமா என்றும் தெரியவில்லை. ஹமீதா அக்காவின் வீட்டை இரண்டாம் முறையும் வெறுமையாக்கி விட்டோம் என்று தோன்றியது. யூட்டின் மருந்துக் குழாய், பாரிஸுக்கு வந்து கொட்டிப் பார்த்தபோது, என் கைப்பையின் அடியில் இருந்தது. கணவர் மருந்துக்கடையில் புதிதாக ஒன்று வாங்கியிருந்தார். அவனுக்கு இழுப்பு வரவே இல்லையாம்.

சமாதானம் சித்திரையிலேயே முறிந்தது. அந்த வருடம் முடியுமுன் இராணுவம் வருகிறது என்று வலிகாமம் முழுவதும் ஓரிரவில் வெளியேறியது. மச்சாளும் அண்ணையும் சாவகச்சேரியில் ஒரு பள்ளிக்கூடத்தில் இருப்பதாகப் பிறகு அறிந்தோம். நாங்கள் கமெராவை இருத்திய குசினிகள் எல்லாம் ஆளில்லாமல் கிடந்தன. அந்த வாரம்தான் பாரிஸில் நயீமா என்னைக் கூப்பிட்டு, இருட்டறையில் ஒலிவாங்கிக்கு முன்னால் இருத்தினாள். பெண்கள் சொன்னதை ஒவ்வொன்றாகச் சொன்னேன். கலியாணப் படத்தில் தும்மியவர், மாமியாரின் நடை, மீன் வெட்டிய தாய். மறந்துவிடுவேன் என்று பயந்தது எதுவும் மறக்கவில்லை.

கடைசியாக நயீமா வெய்யில் பட்ட அந்தச் சுருளைப் போட்டாள். அதையும் கழுவிப் பார்த்திருந்தாள். திரை முழுவதும் ஒரே வெள்ளை. “அறையைச் சொல்,” என்றாள்.

“தையல் இயந்திரம் யன்னலுக்கு வலப்பக்கம்,” என்று தொடங்கினேன். “ஹமீதா அக்கா வெளிச்சத்துக்கு… இல்லை. வெளிச்சம் இடக்கைப் பக்கத்தால் வரும். அப்படியென்றால் இயந்திரம் இடப்பக்கம்… இல்லை, நான் பாயில் இருந்து பார்க்கும்போது…” நிறுத்தினேன். மன்னிப்புக் கேட்டேன். “இன்னொருமுறை சரியாகச் சொல்கிறேன்,” என்றேன். இரண்டாம் முறை, இடப்பக்கம் என்று தடங்காமல் சொன்னேன். வீட்டுக்குப் போகும் வழியில் அது வலப்பக்கம்தான் என்று தோன்றியது.

மார்கழியில் ஒரு சிறிய மண்டபத்தில் படத்தைப் போட்டார்கள். யூட்டையும் கூட்டிப் போனேன். புகைப்படத்தில் மட்டும் அறிந்த றீற்றா மாமியைத் திரையில் கண்டதும் குதித்தான். பிறகு திரை வெள்ளையானது. பின்வரிசையில் ஒரு தமிழ்க் குரல், “படம் அறுந்துபோச்சு போலை,” என்றது. அறுந்து போகவில்லை. என் குரல் வந்தது. நயீமா என்னிடம் கேட்காமல் இரண்டு முறையையும் ஒன்றன்பின் ஒன்றாக வைத்திருந்தாள். வலப்பக்கம் என்று சொல்லித் தடங்கும் குரல், இடப்பக்கம் என்று சொல்லும் குரல். வெள்ளைத் திரையில் எந்தப் பக்கமும் இயந்திரம் இல்லை.

யூட் என் கையை இழுத்தான். அவனுக்கு மெதுவாகப் பேச வராது. “அம்மா, எந்தப் பக்கம்?”

முன்னால் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

“எனக்குத் தெரியேல்லை அப்பன்,” என்றேன். “ஹமீதா அக்காவைத்தான் கேக்கவேணும்.”